மாடி வீட்டுக்கு வந்த நர்ஸ்
(பெரம்பூர், ஒரு தெருவின் வாட்ஸ்அப் குழு)

செல்வி: காலைல மாடி வீட்டுக்கு நர்ஸ் வந்தாங்க. யாருக்கு என்னன்னு கேட்டா "அதெல்லாம் சொல்லக்கூடாதும்மா"ன்னு போயிட்டாங்க. ரொம்பத்தான் 🙄

பாபு: தொத்து வியாதின்னா நமக்கு தெரிய வேணாமா?

ஜெயா அக்கா: ரிட்டையர்டு நர்ஸா சொல்றேன் பாபு. டிபின்னா கூட இருக்கறவங்களைத் தேடிப் போய் டெஸ்ட் எடுப்போம். தெருவுக்கு அறிவிக்க மாட்டோம். எச்ஐவிக்கு 2017-ல சட்டமே வந்தாச்சு, சம்மதம் இல்லாம வெளிய சொல்லக்கூடாது. உடனே மாடி வீட்டுல அதான்னு ஆரம்பிச்சிடாதீங்க!

கணேஷ் (மாடி): நானும் இந்த குரூப்லதான் இருக்கேன் 😀 பாட்டிக்கு படுக்கைப்புண், கட்டு மாத்த வந்தாங்க. அரசோட மக்களைத் தேடி மருத்துவம் திட்டம்.

செல்வி: ஐயோ சாரிப்பா 🙏

மணி சார்: அவங்ககிட்டதான் பி12 ஊசி போடச் சொன்னேன். மருந்து கையில வெச்சிருந்தேன். டாக்டர் சீட்டு கேட்டுட்டாங்க.

ஜெயா அக்கா: கேக்கணும் சார். ஒத்துக்காம மூச்சு திணறினா வீட்டுல என்ன வெச்சு சமாளிக்கறது? நர்ஸுங்களுக்கு நர்ஸ் கவுன்சில்ல பதிவு இருக்கு, 1926 சட்டப்படி. பெரிய தப்புன்னா பேரையே எடுத்துடுவாங்க.

நித்யா: அக்கா, பாப்பாவுக்கு 9 மாசம் முடிஞ்சிடுச்சு. போன புதன் தட்டம்மை ஊசிக்குப் போனேன். பாட்டில்ல மருந்து மீதி இருந்தும் கொட்டிட்டு அடுத்த வாரம் வரச் சொன்னாங்க!

ஜெயா அக்கா: கொட்டினது சரி. தட்டம்மை-ரூபெல்லா தூள் மருந்து, கலக்கினா 4 மணி நேரம்தான். அப்புறம் கிருமி வளரும். அதைப் போட்டுக் குழந்தைகள் செத்திருக்கு. பென்டாவேலன்ட்னா (அஞ்சு நோய்க்குச் சேர்த்துப் போடற ஊசி) கதை வேற, சரியா குளிர்ல இருந்தா திறந்த பாட்டிலும் 28 நாள் தாங்கும்.
ஆனா உன்னை திருப்பி அனுப்பினது தப்பு. ஒரே ஒரு குழந்தை வந்தாலும் புது பாட்டில் திறக்கணும். வீணாகுதேன்னு சில இடத்துல தயங்கறாங்க, அது எனக்குப் பிடிக்காது.

நித்யா: அப்ப கேக்கலாமா? கோவிச்சிக்க மாட்டாங்களா?

ஜெயா அக்கா: தாராளமா கேளு. எப்ப கலக்கினதுன்னும் கேளு, பாட்டில் மேல எழுதியிருக்கும். பாட்டில்ல வட்டத்துக்குள்ள சின்ன சதுரம் இருக்கும், சூட்டுல மருந்து கெட்டிருக்கான்னு காட்டறது, சதுரம் வட்டத்தை விட வெளுப்பா இருக்கணும். போட்ட பிறகு அரை மணி நேரம் அங்கயே உக்காரு, ஆட்டோ காத்திருக்குன்னு ஓடிடாத.

நித்யா: சரிக்கா. இந்த புதன் நீங்களும் வர்றீங்களா?

ஜெயா அக்கா: வர்றேன். தடுப்பூசி அட்டையை மறக்காம எடுத்துக்க.