மறு: ரூசோவின் 'பெர்ஃபெக்டிபிலிதே'க்குத் தமிழில் என்ன?

அன்புள்ள குழும நண்பர்களுக்கு,

வணக்கம். பிரெஞ்சில் எழுதிய 18-ஆம் நூற்றாண்டுத் தத்துவவாதி ரூசோ, மனிதனுக்கே உரியது என்று சொன்ன ஓர் ஆற்றலுக்கு வைத்த பெயர் 'பெர்ஃபெக்டிபிலிதே'. அதற்குத் தமிழ்ச்சொல்லாக மேம்படுதிறன், பண்படுதிறன், ஈட்டுதிறன், மாறுதிறன் என்று இழையில் நிறையச் சேர்ந்துவிட்டன. தனித்தனியாகப் பதில் எழுதினால் இழை சிக்கலாகும் என்பதால் எல்லாவற்றுக்கும் இங்கேயே எழுதுகிறேன். கொஞ்சம் நீளும்.

> நல்ல நிலைக்கு உயரும் ஆற்றல் என்பதுதானே பொருள்? மேம்படுதிறன் எளிமையாக இருக்கிறதே. இதற்கு இத்தனை மடல் தேவையா?

எளிமைதான். ஆனால் ரூசோ அந்தச் சொல்லை எந்த இடத்தில் வைத்தார் என்று பாருங்கள். மனிதரிடையே உள்ள ஏற்றத்தாழ்வின் தோற்றம் பற்றி 1755-இல் வெளியான உரையின் முதல் பகுதி அது. விலங்குக்கும் மனிதனுக்கும் என்ன வேறுபாடு என்று கேட்டுக்கொண்டு போகிறார். நல்ல இறைச்சி நிறைந்த பாத்திரத்துக்குப் பக்கத்திலேயே புறா பட்டினியால் செத்துப்போகும். பழக்குவியலின் மேல் உட்கார்ந்திருந்தாலும் பூனை அப்படியே சாகும். மனிதன் மட்டும் இயற்கை விதித்ததைத் தாண்டித் தேர்ந்துகொள்கிறான். அது நல்லதற்கு மட்டுமல்ல, தன்னைக் கெடுத்துக்கொள்ளவும்தான்.

சுதந்திரம் என்ற இந்த வேறுபாட்டில் வாதம் கிளம்பலாம், ஆனால் இன்னொன்றில் யாரும் வாதம் செய்ய முடியாது என்று சொல்லிவிட்டுத்தான் நம் சொல்லுக்கு வருகிறார். விலங்கு சில மாதங்களில் என்னவாக ஆகிறதோ அதுவாகவே ஆயுள் முழுக்க இருக்கும்; ஆயிரம் ஆண்டு கழித்தும் அதன் இனம் முதல் ஆண்டில் இருந்தபடியே இருக்கும். மனிதனிடம் உள்ள ஓர் ஆற்றல், சூழ்நிலையின் துணையோடு, மற்ற ஆற்றல்களையெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக வெளிக்கொண்டுவருகிறது. உடனே ஒரு கேள்வி: மனிதன் மட்டும் ஏன் மூப்பில் அறிவு மழுங்கிப்போகிறான்? விலங்கு புதிதாக எதையும் பெறவில்லை, இழக்கவும் ஒன்றுமில்லை. மனிதனோ பெற்றதையெல்லாம் இழந்து விலங்குக்கும் கீழே போய்விடுகிறான். அடுத்த வரியில் இந்த ஆற்றல்தான் மனிதத் துன்பங்கள் அனைத்துக்கும் ஊற்று என்கிறார். அறிவையும் பிழையையும், தீமையையும் நற்பண்பையும் நூற்றாண்டுகள் தோறும் மலரவைத்து, கடைசியில் மனிதனைத் தனக்கும் இயற்கைக்கும் கொடுங்கோலன் ஆக்குவதும் இதுவே என்கிறார்.

இப்போது அந்த வாக்கியத்தில் நண்பரின் சொல்லைப் பொருத்துவோம்: 'மேம்படுதிறனே மனிதனின் துன்பங்கள் அனைத்துக்கும் ஊற்று.' வாசகர் அச்சுப்பிழை என்று நினைப்பார்.

> பண்படுதிறன் என்றால் பண்பாடு, பண்படுத்திய நிலம் இரண்டும் நினைவுக்கு வரும். அழகாக இருக்கிறது.

அழகை மறுக்கவில்லை. மனிதரை நாகரிகப்படுத்தியதும் மனித குலத்தைக் கெடுத்ததும் இரும்பும் கோதுமையும்தான் என்று எழுதியவர் ரூசோ. அந்த வகையில் உழுநிலத்தின் வாசம் இந்தச் சொல்லுக்குப் பொருத்தமே. ஆனால் பண்படுதல் நல்ல பக்கத்தை மட்டும் சொல்லும். கெட்டுப்போவதைப் பண்படுதல் என்று நம்மில் யாரும் சொல்வதில்லை.

ஈட்டுதிறன், பெற்று இழக்கும் பகுதிக்குப் பொருந்தும். ஆனால் வேலைவாய்ப்பு விளம்பரம் போல ஒலிக்கிறது, மன்னிக்கவும். மாறுதிறனில் வேறொரு சிக்கல். காட்டிலிருக்கும் குதிரையும் காளையும் பூனையும் நம் வீட்டிலிருப்பவற்றைவிட வலுவானவை, வீட்டில் வளர்த்தே அவற்றைக் கெடுத்தோம் என்று அதே உரையில் சொல்கிறார். மாறுவது விலங்குக்கும் உண்டு என்றாகிவிட்டது. மனிதனுக்கே உரிய ஒன்றுக்கு அந்தப் பெயர் தாங்காது.

என் பரிந்துரை: முற்றுதிறன்.

பிரெஞ்சுச் சொல்லின் வேர் இலத்தீனில் 'கடைசிவரை செய்து முடித்தல்' என்ற வினை. சிறப்பு, உயர்வு என்ற நிறம் பின்னால் ஏறியது. தமிழில் முற்று அதே வேலையைச் செய்யும் வினை. வினைமுற்று, முற்றுப்புள்ளி எல்லாம் அந்த வழியில் வந்தவை. அதோடு நமக்கு ஒரு வசதி இருக்கிறது. நெல் முற்றினால் அறுப்போம், தேங்காய் முற்றினால் பறிப்போம்; வெண்டைக்காய் முற்றினால் தூக்கிப்போடுவோம். நோய் முற்றும், பகை முற்றும். நிறைவும் கேடும் ஒரே வினையில் இருக்கின்றன. ரூசோ ஒரு வாக்கியம் முழுக்கச் செலவிட்டுச் சொன்னதைத் தமிழ் வினை தானாகவே சுமக்கிறது.

எழுத்துக்கூட்டல் பற்றி ஒரு வார்த்தை. கரைதிறன், மீள்திறன் போல இது வினைத்தொகை; ஒற்று மிகாது. 'முற்றுத்திறன்' என்று எழுதினால் ஒட்டுமொத்தத் திறமை என்று பொருள் போய்விடும்.

> தத்துவச் சொல்லுக்கு இயற்பியல் பாடநூல் வாடை வேண்டுமா? 'தன்மை' போதாதா?

வாடை இருக்கட்டும் என்பேன். ரூசோ இதை இயற்கை வரலாற்றின் அளவுகோலாகவும் பயன்படுத்துகிறார். பயணிகள் ஒராங்குட்டான், பொங்கோ என்று எழுதிவைத்த உயிரினங்கள் உண்மையில் மனிதர்கள்தானோ என்று உரையின் நீண்ட குறிப்பு ஒன்றில் ஐயப்படுகிறார். குரங்கு மனித வகை அல்ல என்பதற்குப் பேச்சு இல்லாததைவிட முக்கியமான காரணம் அதன் இனத்துக்கு இந்த ஆற்றல் இல்லாததுதான். ஆனால் ஒராங்குட்டானிடம் போதிய கவனத்தோடு அதைச் சோதித்ததாகத் தெரியவில்லை என்கிறார். இயற்கை வரலாற்று அறிஞர் பூஃபோனை ஊன்றிப் படித்தவர் ரூசோ. 'திறன்' என்பதே சரி.

> 'இயற்கைக்குத் திரும்பு' என்றவருக்கு அறிவியல் எதற்கு?

அந்த முழக்கத்தை அவர் தலையில் கட்டியது பிறர். சமூகத்தை அழித்துவிட்டுக் கரடிகளோடு போய் வாழவேண்டுமா என்று அவரே கேட்டு, என் எதிரிகள் இப்படித்தான் முடிவுகட்டுவார்கள் என்று எழுதிவைத்தார். அப்படியும் எழுத்தாளர் வோல்ட்டேர் விடவில்லை. உங்கள் நூலைப் படித்தால் நாலு காலில் நடக்க ஆசை வருகிறது என்று அதே 1755-இல் கடிதம் போட்டார். முதுமையில் ரூசோ செடிகளைச் சேகரித்து, செடிகளை வகைப்படுத்திய அறிஞர் லின்னேயஸைப் போற்றி, தாவரவியல் கற்பிக்கும் கடிதங்களும் எழுதினார். கலைகளும் அறிவியலும் ஒழுக்கத்தைத் தூய்மைப்படுத்தினவா என்று பிரான்சின் திழோன் நகர அறிஞர் கழகம் வைத்த போட்டியில் இல்லை என்று எழுதி 1750-இல் பரிசு வாங்கியவரும் இவரேதான். இதை முரண்பாடு என்பவர்கள் உண்டு, எனக்கு அப்படித் தோன்றவில்லை. இது தனி இழைக்கு உரியது.

> முற்று என்றால் முடிந்தது. ரூசோ 'ஏறத்தாழ எல்லையற்றது' என்கிறாரே? கொந்தோர்சேவுக்கு எல்லையே இல்லையே?

நல்ல கேள்வி. பிரெஞ்சுப் புரட்சிக்காலச் சிந்தனையாளர் கொந்தோர்சே தலைமறைவாக இருந்தபடி எழுதி, அவர் இறந்தபின் 1795-இல் வந்த நூலில் இதே சொல் முழுக்க நம்பிக்கையாக மாறிவிட்டது. ஆனால் முடிவடைதல் என்ற வேரும் முடிவின்மையும் ஒன்றையொன்று இடிப்பது மூலத்திலேயே உள்ளது. மக்கள்தொகை பற்றி எழுதிய ஆங்கிலேயர் மால்தஸ் 1798-இல் அங்கேதான் கை வைத்தார். லெஸ்டர்ஷையர் ஆடுகளைத் தலையும் காலும் சிறுத்துப் பிறக்கும்படி தேர்ந்து வளர்க்கிறார்கள். எவ்வளவு சிறுக்கும் என்று யாராலும் சொல்ல முடியாதுதான், ஆனாலும் எலியின் தலை அளவுக்கு ஒருநாளும் போகாது. எல்லை எங்கே என்று தெரியாமலிருப்பதும் எல்லையே இல்லாமலிருப்பதும் வேறு என்றார். 'எல்லையற்ற முற்றுதிறன்' என்று படிக்கும்போது இடறினால், மால்தஸுக்கு இடறிய இடத்திலேயே நமக்கும் இடறுகிறது. அதனால் ரூசோவுக்கு ஒரு சொல், கொந்தோர்சேவுக்கு வேறொரு சொல் என்ற யோசனையையும் ஏற்க மாட்டேன். சொல்லைப் பிரித்துவிட்டால் மூவரும் எதைப் பற்றிச் சண்டைபோட்டார்கள் என்பதே தெரியாமல் போகும்.

இதைவிட வலுவான மறுப்பு ஒன்று இருக்கிறது, யாரும் எழுப்பவில்லை. காய் தானாக முற்றும். ரூசோவோ, இந்த ஆற்றல் தானாக ஒருநாளும் விரிந்திருக்காது, தற்செயலாக வந்து சேர்ந்த வெளிக்காரணங்கள் வேண்டியிருந்தன, அவை வராமலே போயிருக்கலாம் என்கிறார். இங்கே 'திறன்' ஓரளவு காப்பாற்றுகிறது: கரைதிறன் உள்ள உப்பும் தண்ணீர் படும்வரை கட்டியாகவே கிடக்கும். முழுக்கக் காப்பாற்றுகிறது என்று சொல்ல மாட்டேன். சொல்லடைவில் ஒரு குறிப்பு தேவைப்படும். என் வரைவு:

முற்றுதிறன்: புறச்சூழல் தூண்டும்போது புதிய ஆற்றல்களைப் பெற்றுத் தன் நிலையிலிருந்து விலகிச்செல்ல மனிதருக்கும் மனித இனத்துக்கும் உள்ள இயல்பு, நன்மைக்கும் கேட்டுக்கும் பொது.

'விலகிச்செல்ல' என்பது எனக்கே நிறைவாக இல்லை, யாராவது திருத்துங்கள். மறுப்பு இல்லையென்றால் தொகுப்பில் ஏற்றிவிடலாம். அடுத்து ரூசோவின் இன்னொரு சொல்லான 'அமூர் புரோப்ர்' (பிறரோடு ஒப்பிட்டுத் தன்னை மதித்துக்கொள்ளும் தன்னன்பு) காத்திருக்கிறது. தன்மானம், தற்பெருமை இரண்டுமே அதற்குச் சரிவராது என்பது என் எண்ணம். புதிய இழையாகத் தொடங்கினால் நல்லது.

அன்புடன்