குமாஸ்தாவாக இருந்த ஸ்லிம் ஃபீல்டு மார்ஷல் ஆனது எப்படி?

கேள்வி: கோவை கேடட்

வணக்கம். ராணுவ அதிகாரிகளைத் தேர்ந்தெடுக்கும் எஸ்.எஸ்.பி. தேர்வுக்குத் தயாராகிறேன். பேசுவதற்கு எனக்கு வந்த தலைப்பு, பிரிட்டிஷ் தளபதி வில்லியம் ஸ்லிம். பர்மிங்காமில் வளர்ந்தவர், கொஞ்ச நாள் பள்ளி ஆசிரியர், பிறகு இரும்புக்குழாய் கம்பெனியில் குமாஸ்தா என்று படித்தேன். அந்தக் காலத்தில் அதிகாரி ஆவதற்கே வீட்டில் சொத்து வேண்டும் என்கிறார்கள். இவர் எப்படி மேலே வந்தார்? 1944-ல் ஜப்பானியரை முறியடித்த இம்பால் வெற்றியை மட்டும் சொன்னால் போதுமா?

பதில்: சுபேதார் (ஓய்வு), திருநெல்வேலி

தம்பி, இம்பாலோடு நிறுத்திவிடாதீர்கள். நான் ராணுவத்தின் சப்ளைப் பிரிவான ஏ.எஸ்.சி.யில் 26 வருஷம் இருந்தவன். அதில் 3 வருஷம் நாகாலாந்தின் திமாப்பூரில். பர்மா போரில் ஸ்லிம் நடத்திய 14-வது ஆர்மிக்கு ரேஷனும் குண்டும் வந்து இறங்கிய இடம் அதுதான். சப்ளைக்காரன் கண்ணால் பார்த்தால்தான் இவருடைய அருமை தெரியும்.

முதலில் உங்கள் கேள்விக்கு வருகிறேன். 1914-ல் முதல் உலகப் போர் மூண்டதால் கதவு திறந்தது. துருக்கியின் கலிப்போலியில் காயம், மெசபடோமியாவில் (இன்றைய ஈராக்) மறுபடி காயம். போர் முடிந்ததும் இந்திய ராணுவத்துக்கு மாறினார். பிரிட்டிஷ் ரெஜிமெண்டில் கைக்காசு போடாமல் அதிகாரியாகக் காலம் தள்ள முடியாது; இந்தியாவில் சம்பளத்திலேயே வாழலாம். அப்படித்தான் கூர்க்கா பட்டாலியனுக்கு வந்தார். அப்போதும் பணமுடைதான். வேறு பெயரில் பத்திரிகைகளுக்குக் கதை எழுதிச் சம்பாதித்தார்.

1942-ல் பர்மாவில் கிடைத்தது ஜப்பானியரிடம் தோற்றுக்கொண்டிருந்த படை. ஏறக்குறைய 900 மைல் பின்வாங்கி, மழைக்காலம் பிடிக்கும் நேரத்தில் இந்திய எல்லைக்குள் கொண்டுவந்து சேர்த்தார். கிழிந்த உடை, எலும்பும் தோலுமான ஆட்கள். ஆனால் கையில் துப்பாக்கி இருந்தது. எனக்கு அந்த ஒரு காட்சி போதும், அவர் யார் என்று சொல்ல.

1943-ல் 14-வது ஆர்மி அவர் கைக்கு வந்தபோது, காயம்பட்டு வெளியேறும் ஒருவனுக்கு 120 பேர் நோயால் வெளியேறினார்கள். பெரும் எதிரி மலேரியா. காய்ச்சல்காரனை இந்தியாவுக்கு அனுப்பினால் திரும்பிவர மாதக்கணக்காகும். அதனால் போர்முனைக்குப் பக்கத்திலேயே சிகிச்சை முகாம்கள் போட்டார். மலேரியாவைத் தடுக்கும் மெபாக்ரின் மாத்திரையை எல்லோரும் விழுங்குகிறார்களா என்று திடீர்ச் சோதனை. 95 சதவீதத்துக்குக் கீழே போன பட்டாலியனின் கமாண்டிங் ஆபீசரைப் பதவியிலிருந்து இறக்கினார். 3 பேரை இறக்கியதும் மற்றவர்களுக்குப் புரிந்துவிட்டது. 1945-ல் நோயாளி எண்ணிக்கை நாளொன்றுக்கு ஆயிரத்துக்கு ஒருவர்.

பாராசூட் தட்டுப்பாட்டுக்கு என்ன செய்தார் தெரியுமா? பட்டுத்துணி கிடைக்கவில்லை. கல்கத்தா சணல் ஆலைக்காரர்களிடம் சொல்லிச் சணலில் தைக்க வைத்தார். 20 பிரிட்டிஷ் பவுண்டுக்கு மேல் ஆகிற பாராசூட், 1 பவுண்டுக்குச் சற்று மேலே முடிந்தது. மூட்டை இறக்க அது தாராளம். ஸ்டோர்ஸில் இருந்த எவனுக்கும் இதைக் கேட்டால் கை எடுத்துக் கும்பிடத் தோன்றும்.

பதில்: பேத்தி, பினாங்கு

ஐயா, எங்கள் தாத்தா தோட்டத்திலிருந்து நேதாஜியின் ஐ.என்.ஏ.வில் (இந்திய தேசிய ராணுவம்) சேர்ந்தவர். நேரு ரெஜிமெண்ட். 1945 பிப்ரவரியில் பர்மாவின் ஐராவதி ஆற்றங்கரையில் நின்றது ஸ்லிம் படைக்கு எதிரில்தான். அவர் சாகும்வரை அந்த ஆற்றைப் பற்றிப் பேசுவார், ஸ்லிம்மைப் பற்றிப் பேசமாட்டார். எங்கள் வீட்டில் ஸ்லிம்மை வீரராகக் கொண்டாட முடியாது. அதையும் இங்கே பதிவு செய்ய விரும்புகிறேன்.

பதில்: சுபேதார் (ஓய்வு), திருநெல்வேலி

அம்மா, நீங்கள் சொன்னது நியாயம். உங்கள் தாத்தாவுக்கு என் வணக்கம். அந்த ஆற்றைக் கடந்ததுதான் ஸ்லிம்மின் தலைசிறந்த வேலை. மாண்டலே பக்கம் ஒரு கோர் படையை (பல டிவிஷன்கள் சேர்ந்தது) எதிரிக்குக் காட்டிவிட்டு, இன்னொரு கோர் படையைக் காட்டுவழியாகத் தெற்கே இறக்கி, நியாங்ஊ பக்கம் ஆற்றைக் கடக்க வைத்தார். அங்கிருந்து ஜப்பானியரின் சப்ளை மையமான மெய்க்டிலா. மார்ச் தொடக்கத்தில் அதைப் பிடித்ததும் ஜப்பானியரின் சப்ளை கழுத்து நெரிபட்டது. ஐ.என்.ஏ.காரர்கள் சரணடைய வந்தபோது நம் சிப்பாய்கள் சிலர் ஏற்கத் தயங்கினார்கள் என்றும், அவர்களை நல்லபடியாக ஏற்கும்படி உத்தரவு போட வேண்டியிருந்தது என்றும் அவரே எழுதியிருக்கிறார். அவர் ஐ.என்.ஏ.வை மதித்து எழுதவில்லை. அது எனக்கும் உறுத்தல்தான்.

கேடட் தம்பிக்கு ஒன்று. 1948-ல் பிரிட்டிஷ் தரைப்படையின் தலைமை அதிகாரி ஆனார். இந்திய ராணுவத்திலிருந்து அந்த நாற்காலிக்குப் போன முதல் ஆள். பிறகு ஆஸ்திரேலிய கவர்னர் ஜெனரல். இதையெல்லாம் ஒரு வரியில் முடியுங்கள். 1944-ல் நாகா மலையில் உள்ள கோஹிமாவுக்கு ஜப்பானியரின் ஒரு ரெஜிமெண்ட்தான் வரும் என்று கணக்குப்போட்டார், பல ரெஜிமெண்ட் சேர்ந்த முழு டிவிஷன் வந்து நின்றது. அந்தத் தப்பு தன்னுடையது என்று 1956-ல் வந்த தன் நூலில் நேராக ஒப்புக்கொண்டார். அதற்கு 1 நிமிஷம் ஒதுக்குங்கள்.

பதில்: கோவை கேடட்

நன்றி ஐயா, நன்றி அக்கா. மலேரியா, சணல் பாராசூட், கோஹிமா தப்பு: இந்த வரிசையில் பேசிப் பார்க்கிறேன். ஐராவதியில் எதிர்க்கரையில் நின்றவர்களையும் சொல்வேன்.