மும்முனை இணைப்பில் யூனிட் கணக்கு: மனதை விட்டு அகலாத அனுபவங்கள்

பட்டறை மின்பணியாளர், கோவை

ஒரே வளாகத்தில் பல வாடகைப் பட்டறைகள் இருந்தன. உரிமையாளர் ஒவ்வொன்றுக்கும் துணை மீட்டர் வைத்து, இரு மாத அளவுகளின் வித்தியாசத்தை 40ஆல் பெருக்கிப் பணம் வாங்குவார். அங்கே மாவு மில் நடத்திய அம்மா ஒருவர், மோட்டார் ஓடும் நேரத்துக்கும் கட்டும் தொகைக்கும் பொருத்தமே இல்லை என்று பலமுறை முறையிட்டும் எவரும் காதில் வாங்கவில்லை. அவர் கேட்டுக்கொண்டதால் பெட்டியைத் திறந்தேன். அதில் பெரிய மின்னோட்டத்தை மீட்டருக்கு ஏற்றபடி குறைத்துத் தரும் சி.டி. (மின்னோட்ட மாற்றி) இருந்தது. மாவு படிந்திருந்த அதன் தகட்டைத் துடைத்தபோது 100/5, அதாவது 100 ஆம்பியரை 5 ஆகக் குறைப்பது, என்று தெரிந்தது. 200/5 இருந்தால்தான் பெருக்கும் எண் 40. 100/5க்கு அது 20. பழைய சி.டி.யை மாற்றியவர் உரிமையாளரின் நோட்டில் அந்த எண்ணை மாற்றச் சொல்லவில்லை. அதனால் அந்த அம்மா சரியாக இரண்டு மடங்கு கட்டிவந்திருக்கிறார். அந்தத் தகட்டைக் காட்டியபோது அவர், "என் கணக்குதானே தம்பி சரி?" என்று கேட்டது இன்னும் காதில் நிற்கிறது.

மீட்டர் சோதனையாளர், சேலம்

நான் கண்டது இதற்கு நேர்மாறு. சுழல்தட்டு மீட்டர் இருந்த காலம், ஆர், ஒய், பி என்ற மூன்று முனைகளுக்கான சி.டி.க்களில் பி முனைக்குரியது மட்டும் தலைகீழாக இணைக்கப்பட்டிருந்தது. பி முனையின் மின்னழுத்தக் கம்பியைக் கழற்றியவுடன் தட்டு மெதுவாகும் என்றே உடனிருந்தவர்கள் நினைத்தார்கள். அது இரண்டு மடங்கு வேகத்தில் சுழன்றது. இரு முனைகள் முன்னோக்கித் தள்ள, ஒன்று பின்னோக்கி இழுத்துக்கொண்டிருந்ததால் மூன்றில் ஒரு பங்கு யூனிட்தான் பதிவாகிவந்தது. இன்றைய பல மின்னணு மீட்டர்கள் திசையைப் பார்க்காமல் கூட்டிக்கொள்வதால் இந்தப் பிழை வெளியே தெரிவதில்லை.

அரிசி ஆலைப் பராமரிப்பு, தஞ்சாவூர்

சேலம் நண்பர் சொல்லும் மூன்றில் ஒரு பங்கு, மூன்று முனைகளிலும் சுமை சமமாக இருந்தால் மட்டுமே பொருந்தும். அதைச் சொல்லாமல் விட்டால் படிப்பவர்கள் எல்லா இடத்திலும் மூன்றால் பெருக்கி நிலுவை போட்டுவிடுவார்கள். எங்கள் ஆலையில் வந்த ஆலோசகர் ஒருவர் ஆர் முனையில் மட்டும், கம்பியைச் சுற்றிப் பிடித்து மின்னோட்டம் அளக்கும் கிளாம்ப் மீட்டரை வைத்தார். 40 ஆம்பியர் காட்டியது. 1.732 × 415 × 40 என்று போட்டு ஏறத்தாழ 28.7 கே.வி.ஏ. (வோல்ட்டையும் ஆம்பியரையும் பெருக்கி வரும் தோற்றத் திறன்) என்று எழுதிவிட்டார். ஒய் முனையில் 12, பி முனையில் 9 ஆம்பியர்தான் ஓடின. முனைக்கு 240 வோல்ட் வீதம் கூட்டினால் 14.6 கே.வி.ஏ. மட்டுமே. வெல்டிங் இயந்திரமும் விளக்குகளும் ஆர் முனையில் குவிந்திருந்ததை அவர் பார்க்கவே இல்லை.

ஆகவே யாராக இருந்தாலும் முதலில் மூன்று முனைகளையும் தனித்தனியே அளவிடுங்கள். 1.732ஐப் பயன்படுத்தும்போது முனைகளுக்கு இடையிலான 415 வோல்ட்டையும், மூன்றால் பெருக்கும்போது நியூட்ரலுக்கு எதிரான 240 வோல்ட்டையும் எடுங்கள். 415ஐ மூன்றால் பெருக்கினால் கணக்கு 73 சதவீதம் கூடிவிடும். திறன் காரணியை, அதாவது கே.வி.ஏ.யில் எவ்வளவு பங்கு உண்மையான கிலோவாட்டாகிறது என்பதை, மறக்காதீர்கள். சமச் சுமையில் 30 ஆம்பியர், திறன் காரணி 0.8 என்றால் 17.25 கிலோவாட், நான்கு மணி நேரத்துக்கு 69 யூனிட். சுமை மாறிக்கொண்டே இருக்கும் ஆலையில் ஒரு கணத்து ஆம்பியரை மணிக்கணக்கால் பெருக்குவது கணக்கே ஆகாது. மீட்டரின் தொடக்க, முடிவு அளவுகளை எடுங்கள். முடிந்தால் திறனை நேரடியாக வாட்டில் காட்டும் வாட்மீட்டர்கள் இரண்டை மாட்டிப் பாருங்கள், போதும்.

பாலிடெக்னிக் ஆசிரியர், மதுரை

அந்த இரண்டு வாட்மீட்டர் பற்றித்தான் எழுத வந்தேன். சுமையில்லாத மோட்டாரை ஒரு மாணவர் சோதித்துக்கொண்டிருந்தார். திறன் காரணி 0.5க்குக் கீழே இருந்ததால் ஒரு முள் பூஜ்யத்துக்குப் பின்னால் போய் முட்டியது. முள் முன்னோக்கி வரும்படி அவர் கம்பிகளை மாற்றி 400 வாட் என்று குறித்து, மற்றதில் வந்த 1000 வாட்டுடன் கூட்டி 1400 என்று எழுதினார். கழித்திருக்க வேண்டும், மோட்டார் எடுத்தது 600 வாட். இரண்டு முறை விளக்கியும், "மீட்டர் காட்டியதை ஏன் கழிக்க வேண்டும்?" என்ற அவருடைய கேள்வி அடங்கவில்லை. அது நல்ல கேள்வி என்பதாலேயே ஒவ்வோர் ஆண்டும் அந்த முள்ளை எல்லோரும் பார்க்கும்படி பின்னால் ஓடவிட்டுக் காட்டுகிறேன்.

தஞ்சாவூர் நண்பரே, உங்கள் ஆலைக்கு இரண்டு வாட்மீட்டர் போதாது. கம்பிகளின் எண்ணிக்கையில் ஒன்று குறைவாக அளவிகள் வேண்டும் என்று பிரெஞ்சுப் பொறியியலாளர் பிளாண்டெல் 1893இலேயே காட்டிவிட்டார். மூன்று கம்பி மோட்டாருக்கு இரண்டு சரி. உங்கள் வெல்டிங் இயந்திரத்தின் மின்னோட்டம் நியூட்ரல் வழியே திரும்பினால் அது நான்கு கம்பி அமைப்பு. மூன்று வாட்மீட்டர்களையே மாட்டுங்கள்.