இல்லாத கோட்டையைச் சுற்றி ஒரு காலை நடை: எங்கள் குடும்பக் குழுவில் ஓடிய பேச்சு

வியாழன், இரவு

அக்கா: எல்லோருக்கும் வணக்கம். அடுத்த வாரம் மதுரைக்கு வருகிறோம். இந்த முறை பிள்ளைகளுக்குக் கோயிலோடு ஊரையும் காட்ட வேண்டும். காலையில் பழைய தெருக்களுக்குள் நடத்திக் கூட்டிப் போகிறார்களாமே, அதில் சேரலாமா?

தம்பி: சுற்றுலாத் துறை அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு ஒருவர் நம் வீட்டிலேயே உட்கார்ந்திருக்கிறார். வெளியே எதற்குத் தேடுகிறாய்? சித்தப்பாவைக் கேள்.

அத்தான்: வழிகாட்டியே எதற்கு என்றுதான் எனக்குச் சந்தேகம். கையில் மேப் இருக்கிறது. கோயிலைச் சுற்றி நாலு தெரு. நடந்தால் முடிந்தது.

சித்தப்பா: நாலு தெரு இல்லை மாப்பிள்ளை. ஒன்றுக்குள் ஒன்றாக நாலு நாலாக இருக்கிறது. கோயிலுக்குள்ளே ஆடி வீதி, மதிலுக்கு வெளியே சித்திரை வீதி, அடுத்தது ஆவணி மூல வீதி, அதற்கும் அடுத்து மாசி வீதி, கடைசியில் வெளி வீதி. ஒவ்வொன்றிலும் கிழக்கு, மேற்கு, தெற்கு, வடக்கு. முதல் தடவை வருகிறவர்கள் ஆட்டோக்காரரிடம் வெறுமனே "மாசி வீதி" என்று சொல்லி மாட்டிக்கொள்வார்கள்.

அத்தான்: சரி மாமா, அதைத்தான் மேப் சொல்கிறதே.

சித்தப்பா: பெருமாள் மேஸ்திரி வீதி, மாரட் வீதி என்று இரண்டு பெயர் மேப்பில் வரும், பார்த்திருப்பீர்கள். நீங்கள் எப்போதும் தங்கும் லாட்ஜ் அதில்தான் இருக்கிறது. யார் அந்தப் பெருமாள்? யார் அந்த மாரட்?

அத்தான்: 🙂 தெரியாது.

சித்தப்பா: கிட்டத்தட்ட 1840 வரைக்கும் இந்த ஊரைச் சுற்றிக் கோட்டைச் சுவரும் அகழியும் இருந்தன. விசுவநாத நாயக்கர் கட்டியது. 72 கொத்தளம், கொத்தளத்துக்கு ஒரு பாளையக்காரர் என்று சொல்வார்கள். கம்பெனி காலத்தில் ஊர் நெருக்கித் தள்ளியது. அகழியில் தண்ணீர் தேங்கி நாற்றம், காய்ச்சல். பிளாக்பர்ன் என்ற கலெக்டர் கோட்டையை இடிக்க முடிவு செய்தார். கஜானாவில் பணம் கேட்கவில்லை. சுவரை இடித்து அகழியைத் தூர்க்கிறவர்களுக்கு அந்த நிலத்தையே வீடு கட்டக் கொடுத்தார். அளவை பார்த்தவர் மாரட், ஆட்களை வைத்து வேலை வாங்கியவர் பெருமாள் மேஸ்திரி. தூர்த்த இடத்தில் விழுந்த தெருக்களுக்கு அவர்கள் பெயரே நின்றுவிட்டது.

நான்: ஒரு மேஸ்திரி பெயரில் இவ்வளவு பெரிய வீதியா!

சித்தப்பா: அதுதான் எனக்கு இந்த ஊரில் ரொம்பப் பிடித்தது. ராஜா பெயரில் தெரு எல்லா ஊரிலும் உண்டு.

அத்தை: ஏப்பா, இதெல்லாம் எனக்கு ஒரு நாளும் சொன்னதில்லையே. அந்தத் தெருவில்தான் எத்தனை வருஷம் பாத்திரம் வாங்கினேன்.

சித்தப்பா: நீங்கள் பாத்திரத்தைத் தவிர எதையும் பார்க்க விட்டால்தானே அக்கா.

வெள்ளி, காலை

பெரியம்மா: (தாமரைப் பூ மேல் "இனிய காலை வணக்கம்" என்று எழுதிய படம்)

அக்கா: சித்தப்பா, நீங்களே கூட்டிப் போங்கள். எங்கே தொடங்குவது? பிள்ளைகள் ரொம்ப நடக்க மாட்டார்கள்.

சித்தப்பா: கோயிலிலிருந்து தொடங்க மாட்டேன், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கோயிலில் தொடங்கினால் உள்ளேயே மதியம் ஆகிவிடும். வெளியே வரும்போது வெயில், பசி, அப்புறம் யாரும் தெருவைப் பார்க்க மாட்டார்கள். நாம் மேற்கே ஆரம்பித்துக் கிழக்கே முடிப்போம். பெரியார் பேருந்து நிலையத்துப் பக்கம் கோட்டையின் மேலவாசல் கொத்தளம் ஒன்று மட்டும் தப்பி நிற்கிறது. பேருந்துக்கு ஓடுகிற கூட்டத்தில் ஒருவரும் அதைத் திரும்பிப் பார்ப்பதில்லை. கல்லைத் தொட்டுப் பார்த்துவிட்டு அங்கிருந்து நடப்போம். பிள்ளைகளுக்குக் கோட்டை எவ்வளவு கனமாக இருந்தது என்று அப்போதுதான் புரியும்.

தம்பி: காலையில் கிழக்கே பார்த்து நடந்தால் வெயில் நேராக முகத்தில் அடிக்குமே.

சித்தப்பா: ஆறு மணிக்குக் கிளம்பினால் அடிக்காது. பாதித் தெருக்களில் கட்டட நிழல் இருக்கும். சாயங்காலம் திருப்பி நடக்கலாம்தான், ஆனால் நாயக்கர் மகாலை ஐந்து மணிக்கு மூடிவிடுவார்கள். காலையில் அது ஒன்பதுக்குத் திறக்கும். நாம் மெதுவாகப் போனால் சரியாகத் திறக்கிற நேரத்துக்கு வாசலில் நிற்கலாம்.

அத்தை: பெரியார் நிலையம் வரை வந்துவிட்டு கூடலழகரைப் பார்க்காமல் போவதா? பெரியாழ்வார் பல்லாண்டு பாடிய இடம். மூன்று நிலையில் பெருமாள் இருக்கிறார், இருந்தும் நின்றும் கிடந்தும்.

சித்தப்பா: அக்கா, உங்களுக்கே தெரியும், மேலே ஏறி மூன்று நிலையும் சேவித்து வர எவ்வளவு நேரம் ஆகும் என்று. வாசலில் நின்று விமானத்தைக் காட்டிவிட்டுப் போகிறேன். பக்கத்தில் காஜிமார் தெரு. அங்கே இருக்கும் பெரிய பள்ளிவாசல்தான் இந்த ஊரிலேயே பழையது. பாண்டியர் கொடுத்த நிலம். திவ்ய தேசமும் அந்தப் பள்ளிவாசலும் கூப்பிடு தூரத்தில் இருக்கின்றன. இரண்டையும் வெளியிலிருந்து பார்த்தாலே போதும்.

அத்தை: உனக்குப் போதும். நான் முந்தின நாளே சேவித்துவிட்டு வருகிறேன்.

அத்தான்: மாமா, பிள்ளைகளுக்கு இந்தக் கோட்டை, அகழி எல்லாம் சலிக்காதா? பெரியவனுக்கு இப்போது பள்ளியில் காந்தி பாடம் நடக்கிறது.

சித்தப்பா: அதுவும் வழியில்தான். மேலமாசி வீதியில் ஒரு மாடி வீடு. 1921 செப்டம்பரில் காந்தி அங்கே தங்கியிருந்தபோதுதான் முழு உடையை விட்டு அரை வேட்டிக்கு மாறினார். 22ஆம் தேதி காலை அந்தக் கோலத்தில் வெளியே வந்தார். இப்போது கீழே கதர்க் கடை. பையன் அந்த மாடியை அண்ணாந்து பார்க்கட்டும், பாடம் தானாக நிற்கும்.

நான்: அண்ணாந்து பார்ப்பது பற்றி அன்றைக்கு ஒன்று சொன்னீர்களே சித்தப்பா, அதையும் சொல்லுங்கள்.

சித்தப்பா: ஆமாம். மாசி வீதியில் கண் மட்டத்தில் பார்த்தால் பெயர்ப்பலகையும் பிளாஸ்டிக் வாளியும்தான் தெரியும். கடைப் பலகைக்கு மேலே பார்க்க வேண்டும். சில வீடுகளில் மரத்தூண், சுண்ணாம்புச் சுவர், வண்ணக் கண்ணாடி ஜன்னல் அப்படியே இருக்கும். வருஷா வருஷம் குறைந்துகொண்டே போகிறது. கழுத்து வலிக்க வலிக்கப் பார்க்கச் சொல்வேன். ஞாயிற்றுக்கிழமை என்றால் நல்லது, நிறையக் கடை மூடியிருக்கும், லாரி இறக்குகிறவர்கள் குறுக்கே வர மாட்டார்கள்.

தம்பி: வேலை நாளில் போனால்தானே ஊர் ஊராக இருக்கும்?

சித்தப்பா: நீ சொல்வதும் சரிதான். வெளிநாட்டுக்காரர்களை வேலை நாளில்தான் கூட்டிப் போவேன். மூட்டை தூக்குகிறவர், பூக்கட்டுகிறவர், எல்லாம் பார்க்க வேண்டும் என்பார்கள். சின்னப் பிள்ளைகளோடு கீழமாசி வீதியில் வேலை நாளில் நடக்க எனக்கே பயம்.

அக்கா: ஞாயிறே இருக்கட்டும். இந்த மாசி வீதியில் சித்திரைத் தேர் ஓடுகிறதே, அது ஏன்? சின்ன வயதிலிருந்து கேட்க நினைத்த கேள்வி.

பெரியம்மா: (குரல் பதிவு, 4 நிமிடம்)

தம்பி: பெரியம்மா, நாலு நிமிடமா! யாராவது சுருக்கிச் சொல்லுங்கள்.

நான்: கேட்டுவிட்டேன். மீனாட்சி கல்யாணமும் தேரும் முன்பு மாசி மாதத்தில்தான் நடந்ததாம். திருமலை நாயக்கர் அதைச் சித்திரைக்கு மாற்றி, அழகர் ஆற்றில் இறங்கும் விழாவோடு சேர்த்துவிட்டார் என்கிறார். தேர் ஓடிய வீதியின் பெயர் மட்டும் மாறவில்லை. மீதி மூன்று நிமிடம் அந்தக் காலத்தில் எந்த மாடியில் நின்று தேர் பார்த்தார்கள் என்பது.

சித்தப்பா: பெரியம்மா சொன்னது சரி, பரவலாகச் சொல்லப்படுவதும் அதுதான். ஆவணி மூல வீதிக்கும் பெயர் திருவிழாவால் வந்ததே. பிட்டுக்கு மண் சுமந்த கதை நடக்கும் நாள்.

வெள்ளி, இரவு

அக்கா: கோயிலுக்குள் போகவே மாட்டோமா? பிள்ளைகள் ஏமாந்துவிடுவார்கள்.

சித்தப்பா: சாயங்காலம் தனியாகப் போங்கள். மதியம் நடை சாத்தி நாலு மணிக்குத்தான் திறப்பார்கள். செல்போன் உள்ளே விட மாட்டார்கள், வெளியே கொடுத்துவிட்டுப் போக வேண்டும், அறையிலேயே வைத்துவிட்டு வந்தால் இன்னும் நல்லது. காலை நடையில் மேலச் சித்திரையிலிருந்து தெற்குச் சித்திரை சுற்றிக் கிழக்கு வாசலுக்கு வருவோம். வண்டி வராத வீதி, பிள்ளைகளை விட்டுவிடலாம்.

அத்தை: புது மண்டபத்தில் எனக்குத் தையல்காரர் இருந்தார். ரவிக்கை அரை மணியில் தைத்துக் கொடுப்பார்.

சித்தப்பா: கடைகள் எல்லாம் அங்கிருந்து குன்னத்தூர் சத்திரத்துக்குப் போய்விட்டன அக்கா. இதில் எனக்கு இரண்டு மனசு. திருமலை நாயக்கர் வசந்த விழாவுக்காகக் கட்டிய மண்டபம், துணி மூட்டைக்குப் பின்னால் தூணில் இருக்கும் சிற்பம் ஒன்றும் தெரியாமல் கிடந்தது. இப்போது தெரியும். ஆனால் தையல் மெஷின் சத்தமும் பஞ்சாங்கக் கடையும் பித்தளைக் கடையும் இருந்த மண்டபம் வேறு. நான் பல வருஷம் அந்தச் சத்தத்துக்கு மேலே கத்தித்தான் கதை சொன்னேன்.

அத்தான்: அதற்கு அடுத்து?

சித்தப்பா: எழுகடல் தெரு. மீனாட்சியின் தாய் காஞ்சனமாலை ஏழு கடலில் குளிக்க ஆசைப்பட, ஏழு கடலும் வந்து சேர்ந்த குளம் அங்கே இருந்ததாகக் கதை. குளம் இப்போது கட்டடம். எதிரே ராய கோபுரம். திருமலை நாயக்கர் தொடங்கி முடிக்காமல் விட்டது. நிலைக்கால் மட்டும் நிற்கிறது, அந்த அகலத்தைப் பார்த்தாலே கோபுரம் எழும்பியிருந்தால் மற்ற நாலும் குட்டையாகத் தெரிந்திருக்கும் என்று தோன்றும். அங்கிருந்து அம்மன் சன்னதித் தெருவில் விட்டவாசல். நாயக்கருக்கும் முந்தின பாண்டியர் கோட்டையின் கிழக்கு வாசல்.

அத்தான்: ஆக, மேற்கே நாயக்கர் கோட்டையில் நுழைந்து கிழக்கே பாண்டியர் கோட்டையைக் கடக்கிறோம்.

சித்தப்பா: இப்போது பிடித்துக்கொண்டீர்கள் மாப்பிள்ளை. பாண்டியர் ஊர் சின்னது. நாயக்கர் அதைப் பெரிதாக்கி வெளியே சுவர் போட்டார். வெள்ளைக்காரர் அந்தச் சுவரையும் எடுத்துவிட்டார். இந்த மூன்றும் தெருவில் கால் வைத்து நடந்தால்தான் தெரியும். மேப்பில் எல்லாம் ஒரே சாம்பல் கோடு.

அத்தான்: சரி சரி, வழிகாட்டி வேண்டும். ஒப்புக்கொள்கிறேன்.

தம்பி: எனக்கு ஒரே கேள்வி. ஜிகர்தண்டா எந்த இடத்தில்?

சித்தப்பா: விளக்குத்தூண். அதைத் தாண்டாமல் உன்னைக் கூட்டிப் போக முடியாது என்று தெரியும். ஆனால் அந்தத் தூண் யாருக்காக என்று சொன்னால்தான் டம்ளர் கைக்கு வரும்.

தம்பி: கோட்டையை இடித்த கலெக்டருக்காகவா?

சித்தப்பா: அவருக்கேதான். ஊர்க்காரர்கள் நன்றிக்காக நட்ட விளக்கு. ஜிகர்தண்டா குடிக்கிற கூட்டம் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும்.

தம்பி: பாதாம் பிசின், நன்னாரி, பால், மேலே ஐஸ்கிரீம். காலை எட்டு மணிக்குக் கிடைக்குமா?

நான்: கிடைக்காது. சாயங்காலம் தனியாகப் போய்க்கொள்.

அத்தை: சுங்குடிச் சேலை?

சித்தப்பா: அந்தப் பக்கம்தான். பத்துத்தூண் சந்தில் துணிக் கடைகளுக்கு நடுவே பத்துக் கல்தூண் வானத்தைப் பார்த்து நிற்கும், கூரை இல்லாமல். நாயக்கர் அரண்மனை அங்கே வரைக்கும் பரந்திருந்தது. பந்தடித் தெருக்களும் நவ்பத் கானா தெருவும் அரண்மனையோடு சேர்ந்த இடங்கள்தான். சுங்குடி கட்டும் சௌராஷ்டிரக் குடும்பங்கள் அந்தத் தெருக்களில்தான் தலைமுறையாக இருக்கிறார்கள். ஞாயிறு காலையில் கடை இருக்காது அக்கா, திங்கட்கிழமை வாருங்கள். கட்டுகிற வீடு தெரியும், கேட்டுவிட்டு உள்ளே போகலாம். கேட்காமல் யார் வீட்டு வாசலிலும் படம் எடுக்கக் கூடாது. பிள்ளைகளிடமும் சொல்லிவையுங்கள்.

அக்கா: மகாலில் என்ன சொல்வீர்கள்?

சித்தப்பா: அதிகம் சொல்ல மாட்டேன். 1636இல் திருமலை நாயக்கர் கட்டிய அரண்மனையில் மிஞ்சியது கொஞ்சம்தான். பேரன் சொக்கநாத நாயக்கர் தலைநகரைத் திருச்சிக்கு மாற்றியபோது இங்கிருந்து பெயர்த்துக்கொண்டு போனார். பிறகு கிடந்து பாழானதை நேப்பியர் என்ற சென்னை கவர்னர் பழுது பார்க்க வைத்தார். அந்தத் தூணைப் பிள்ளைகள் கைகோத்துக் கட்டிப்பிடிக்கட்டும், எத்தனை பேர் வேண்டும் என்று பார்ப்போம்.

அத்தை: எனக்கு முழங்கால். அவ்வளவு தூரம் வருமா?

சித்தப்பா: நீங்கள் விளக்குத்தூணில் ஆட்டோவில் வந்து சேர்ந்துகொள்ளுங்கள். அங்கிருந்து மகால் பக்கம்தான்.

அத்தான்: மாமா, உங்களுக்கு என்ன தர வேண்டும்? முறையாகக் கேட்கிறேன், வீட்டு ஆள் என்று சும்மா நடத்தக் கூடாது.

சித்தப்பா: காலை டிபன் உங்கள் செலவு. ஞாயிறு ஆறு மணி, பெரியார் நிலையம். எளிதில் கழற்றுகிற செருப்பு, ஆளுக்கு ஒரு தண்ணீர் பாட்டில், தொப்பி. ஆறேகாலுக்குமேல் காத்திருக்க மாட்டேன்.

தம்பி: டிபனில் எனக்கும் பங்கு உண்டுதானே அத்தான்?

அத்தான்: தூண் கதையை ஒப்பித்தால் உண்டு.

பெரியம்மா: (குரல் பதிவு, 6 நிமிடம்)