வாப்பா பேச்சைக் குறைச்சுட்டார், மெட்ராஸுக்குக் கூட்டிட்டு வந்துடலாமா?

காயலான்:
எங்க வாப்பாவுக்கு 76 வயசு. ரொம்ப காலம் கொழும்பில் ரத்தினக்கல் வியாபாரம். இப்போ காயல்பட்டினத்தில் ராத்தாவோடு, அதாவது என் அக்காவோடு, இருக்கார் (ஊர் வழக்கப்படி வீடு பொண்ணுக்குத்தானே). உம்மா மவுத்தாகி கொஞ்ச காலம் ஆச்சு. சுபுஹு தொழுதுட்டு சாயாக்கடை, லுஹருக்குப் பிறகு தூக்கம், அஸர் (சாயங்காலத் தொழுகை) முடிஞ்சா கடற்கரை. மணலில் அதே இடம், அதே நாலு கூட்டாளிங்க, மஃரிபு பாங்கு வரைக்கும்.

இந்தத் தடவை லீவில் நானும் கூடப் போய் உட்கார்ந்தேன். வாயே திறக்கலை. மத்தவங்க சிரிச்சா கொஞ்சம் தாமதமா சிரிக்கிறார். கல் விலையில் ஒரு காசு விட்டுக்கொடுக்காம பேசின மனுசர்! 2023 டிசம்பரில் ஒரே நாளில் 95 செ.மீ. மழை கொட்டி போன் கிடைக்காம தவிச்சதிலிருந்தே, இங்கே கூட்டிட்டு வாங்கன்னு மனைவி சொல்லிட்டிருக்கா.

முடுக்குவாசி:
அந்த மழையில் யார் சோறு கொண்டுவந்தாங்கன்னு உங்க ராத்தாகிட்ட கேளுங்க தம்பி. எங்க தெருவில் முடுக்கு (வீடுகளுக்கு நடுவில் போற சின்னச் சந்து) வழியாத்தான் வீட்டுக்கு வீடு சட்டி போச்சு. அவரை அங்கிருந்து பிடுங்காதீங்க.

பாளையங்கோட்டைக்காரர்:
"தாமதமா சிரிக்கிறார்" என்ற இடத்தில் நின்னுட்டேன். காது பரிசோதனைதான் என் வேலை. வயசானா முதலில் போறது கீச்சுச் சத்தம்; ச, ஸ, ஃப எல்லாம் நழுவிடும். எதிரே ஒருத்தர் உட்கார்ந்து பேசினா சமாளிப்பாங்க. நாலு பேரு, கடல் காத்து, அலை இரைச்சல்னா கஷ்டம். தப்பா பதில் சொல்லி மாட்டிக்கிறதுக்குப் பேசாமலே இருந்துடலாம்னு இருப்பாங்க. டிவி சத்தத்தைக் கூட்டுறாரா? காது டாக்டர் முதலில் குறும்பி அடைச்சிருக்கான்னு பார்க்கட்டும், சிலருக்கு அதோடவே சரியாயிடும். அப்புறம் ஆடியோகிராம், அதாவது எந்தச் சத்தம் எவ்வளவு கேட்குதுன்னு பார்க்கிற சோதனை. மனச்சோர்வும் இருக்கலாம், அதையும் டாக்டர்கிட்ட சொல்லுங்க. ஆனா கூட்டாளிகளைத் தேடி தினம் போறவரைப் பார்த்தா எனக்குக் காது மேலதான் சந்தேகம்.

காயலான்:
ராத்தாவுக்கு போன் போட்டேன். டிவி அடுத்த வீட்டுக்கே கேட்குதாம்! வாப்பாகிட்ட மெல்லச் சொன்னதுக்கு, "அவனுங்க கதையெல்லாம் எனக்கு மனப்பாடம், புதுசா கேட்க என்ன இருக்கு"ன்னாராம். டாக்டரைப் பார்க்க திருநெல்வேலி வர சம்மதிச்சுட்டார். அஸருக்குள்ளே ஊர் திரும்பிடணும், அதுதான் கண்டிஷன்.