பழைய வேலூர் மாவட்ட அளவில் நாக் அவுட் கோப்பை: 22 அணிகளுக்கு அட்டவணை போடுவது எப்படி?

பாலாற்றங்கரை:
அனைவருக்கும் வணக்கம். 2019-இல் தனித்தனியாகிவிட்ட வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டங்களின் சிறிய கால்பந்துக் கழகங்களை மட்டும் அழைத்து, நாக் அவுட் முறையில் ஒரு கோப்பைப் போட்டி நடத்த எண்ணியுள்ளோம். 22 கழகங்கள் இசைந்துள்ளன. முதல் சுற்றில் 11 ஆட்டங்களை நடத்திவிட்டு, அணிகள் ஒற்றைப்படையில் எஞ்சும்போது மட்டும் ஓர் அணிக்கு ‘பை’ (ஆடாமலேயே அடுத்த சுற்றுக்குச் செல்லும் வாய்ப்பு) கொடுக்கலாம் என்று குழுவில் சிலர் கருதுகிறார்கள். இது முறையாகுமா? சமநிலையில் முடியும் ஆட்டங்களுக்குக் கூடுதல் நேரம் கட்டாயமா?

குலுக்கல் சீட்டு:
அவ்வாறு செய்தால் 22 அணிகள் 11 ஆகும், பிறகு 6, பிறகு 3. அரையிறுதிக் கட்டத்தில் மூன்று அணிகள் நிற்க, அவற்றுள் ஒன்று பந்தைத் தொடாமலேயே இறுதியாட்டத்துக்குப் போய்விடும். மற்ற இரண்டு அணிகளின் ஆதரவாளர்கள் அதை ஒப்புக்கொள்வார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. ‘பை’ முழுவதையும் முதல் சுற்றிலேயே தீர்த்துவிடுங்கள். 2, 4, 8, 16 என இரட்டித்துக்கொண்டே போனால் 22-க்கு அடுத்து வரும் எண் 32 என்பதால் 10 அணிகளுக்கு ‘பை’. மீதி 12 அணிகள் 6 ஆட்டங்களில் மோதும். இரண்டாம் சுற்றில் சரியாக 16 அணிகள் இருக்கும், அதன்பின் ‘பை’ என்ற பேச்சே எழாது. எப்படிப் பிரித்தாலும் மொத்தம் 21 ஆட்டங்கள்தாம், ஏனெனில் ஓர் ஆட்டத்துக்கு ஓர் அணி வெளியேறுகிறது. யாருக்கு ‘பை’ என்பதை எல்லாக் கழகங்களின் முன்னிலையிலும் சீட்டுக் குலுக்கியே முடிவு செய்யுங்கள்.

பழைய நடுவர்:
கூடுதல் நேரம் கட்டாயமன்று. ஆட்டம் முடிந்தவுடன் நேராகப் பெனால்ட்டிக்குச் செல்வதை விதிகள் அனுமதிக்கின்றன. ஆனால் அதைப் போட்டி தொடங்கும் முன்பே எழுத்தில் அறிவித்திருக்க வேண்டும். மின்விளக்கு இல்லாத மைதானத்தில் மாலை நான்கு மணிக்குத் தொடங்கும் ஆட்டம், இடைவேளையும் 30 நிமிடக் கூடுதல் நேரமும் சேர்ந்தால், பெனால்ட்டி எடுக்கும் வேளையில் இருட்டிவிடும். நம் ஊர் ஏப்ரல், மே வெயிலைப் பற்றித் தனியாகச் சொல்லவேண்டியதில்லை. ஆகவே இறுதியாட்டத்துக்கு மட்டும் கூடுதல் நேரம் போதும். இன்னொன்று: சிவப்பு அட்டையால் ஓர் அணி பத்துப் பேராகியிருந்தால், பெனால்ட்டியின்போது எதிரணியும் தன் எண்ணிக்கையைப் பத்தாகக் குறைத்துக்கொள்ள வேண்டும். உள்ளூர்ப் போட்டிகளில் பெரும்பாலும் இங்கேதான் சண்டை மூளும்.

ஆம்பூர் ரசிகன்:
யார் யாருடன் மோதுவது என்பதை எல்லா அணிகளையும் ஒன்றாகச் சேர்த்துக் குலுக்கும் முழுத் திறந்த குலுக்கலில் எனக்கு உடன்பாடில்லை. அரக்கோணத்து அணி முதல் சுற்றிலேயே திருப்பத்தூருக்கு வரவேண்டுமென்றால் 100 கிலோமீட்டருக்கும் மேல். பயணச் செலவுக்கு அஞ்சியே சில கழகங்கள் வாக் ஓவர் கொடுத்துவிடும், அதாவது ஆட வராமலேயே எதிரணிக்கு வெற்றியை விட்டுவிடும். இங்கிலாந்தில் கீழ்நிலைக் கழகங்களுக்காக 1974-இல் தொடங்கப்பட்ட எஃப்.ஏ. வாஸ் கோப்பையிலும் தொடக்கச் சுற்றுகளை வட்டார வாரியாகத்தான் பிரிக்கிறார்கள். காலிறுதி வரை கிழக்கு, மேற்கு எனப் பிரித்துக்கொண்டு, அதன்பின் பொதுக் குலுக்கலுக்குப் போகலாம். ரமலான் நோன்பு மாதத்தையும் தவிர்த்துவிடுங்கள். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு அணிகள் பலவற்றில் நோன்பு நோற்கும் ஆட்டக்காரர்களே அதிகம்.

பாலாற்றங்கரை:
மிக்க நன்றி ஐயா. ‘பை’ பற்றிய கணக்கைக் குழுவில் வைக்கிறேன். ஒரு கழகம் தோற்றபின் அதன் ஆட்டக்காரர் வேறு கழகத்துக்கு ஆடுவதைத் தடுக்க, பெயர்ப்பட்டியலை முதல் சுற்றுக்கு முன்பே புகைப்படத்துடன் வாங்கிவிடலாம் என்றிருக்கிறோம்.