பெரியவர்களுக்கு நிஜமாகவே மரியாதை கிடைக்கும் நாடு என்று ஒன்று இருக்கிறதா?

மூன்றாம்படி:

சண்டை இழுக்க வரவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன். போன வாரம் அம்மாவை டாக்டரிடம் அழைத்துப்போனேன். அம்மாவுக்கு 84. முழங்கால் வலி உண்டு, மற்றபடி காது நன்றாகக் கேட்கும், தான் போடுகிற மாத்திரைகளின் பெயர், எத்தனை மில்லிகிராம் என்பது வரை மனப்பாடம். டாக்டர் என் முகத்தைப் பார்த்து "பாட்டிக்கு ராத்திரி தூக்கம் வருதா, பாட்டி சரியா சாப்பிடறாங்களா" என்று கேட்டுக்கொண்டே இருந்தார், நானும் புத்தியில்லாமல் எல்லாவற்றுக்கும் பதில் சொல்லிக்கொண்டே இருந்தேன். வெளியே வந்ததும் அம்மா கேட்டார்: "என் தூக்கத்தைப் பத்தி உனக்கு எப்படித் தெரியும்? நீ வேற ரூம்லதானே படுக்கறே?" குரலில் கோபம்கூட இல்லை.

தம்பியிடம் இதைச் சொன்னால், "மேற்கத்திய நாடாக இருந்தால் எப்போதோ முதியோர் இல்லத்தில் தள்ளியிருப்பார்கள், கீழை நாடுகளில்தான் வயதுக்கு மரியாதை, நீ சின்ன விஷயத்தைப் பெரிதாக்குகிறாய்" என்று பழைய பல்லவியையே பாடுகிறான். எனக்கு அப்படித் தோன்றவில்லை, ஆனால் மறுத்துப் பேச கையில் விவரமும் இல்லை. கிழக்கு மதிக்கிறது, மேற்கு கைவிடுகிறது என்பது எந்த அளவுக்கு உண்மை? இந்த மரியாதையை எதை வைத்து அளப்பது? படித்தவர்கள், பார்த்தவர்கள் சொல்லுங்கள்.

கறார்கணக்கு:

உங்கள் தம்பியிடம் தென் கொரியாவைப் பற்றிக் கேளுங்கள். ஒரு வயது மூத்தவரிடம் பேசினால்கூட வினைமுற்றை மாற்றிப் பேச வேண்டிய மொழி அது, சீன ஞானி கன்ஃபூசியஸின் வழியில், பெற்றோரைப் பேணுவதே தலையாய அறம் என்று பல நூற்றாண்டுகளாகச் சொல்லி வளர்ந்த சமூகம். அங்கே 65 வயதைத் தாண்டியவர்களில் ஏறக்குறைய 10-க்கு 4 பேர் வறுமைக் கோட்டுக்குக் கீழே, பணக்கார நாடுகளின் கூட்டமைப்பான ஓஇசிடியிலேயே இதுதான் மோசமான கணக்கு. தெருவில் பழைய அட்டைப்பெட்டிகளைப் பொறுக்கி எடைக்குப் போட்டு வாழும் முதியவர்களை அந்நாட்டு நகரங்களில் யாரும் பார்க்கலாம். காரணம் ரொம்பச் சாதாரணம். தேசிய ஓய்வூதியத் திட்டமே 1988-ல்தான் வந்தது, அதற்குள் பாதி வாழ்க்கையை முடித்துவிட்டவர்களால் போதுமான ஆண்டுகள் பணம் கட்ட முடியவில்லை, கையில் இருந்ததையெல்லாம் பிள்ளைகள் படிப்பில் போட்டிருந்தார்கள், பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள் என்று அரசும் சும்மா இருந்தது. பிள்ளைகளுக்கு வீட்டு வாடகைக்கே சம்பளம் போதவில்லை.

மனப்பான்மையையும் அளந்திருக்கிறார்கள். மைக்கேல் நார்த், சூசன் ஃபிஸ்க் என்ற இரண்டு உளவியலாளர்கள் பல நாடுகளில் ஏற்கெனவே நடந்த ஆய்வுகளையெல்லாம் ஒன்றுசேர்த்துப் பார்த்து 2015-ல் வெளியிட்டார்கள். எல்லோரும் எதிர்பார்த்ததற்கு நேர்மாறாக, முதியவர்களைப் பற்றிய எண்ணம் மேற்கைவிடக் கிழக்கு நாடுகளில்தான் கூடுதல் கசப்பாக இருந்தது. அவர்கள் சொல்லும் முக்கியமான காரணம், மக்கள்தொகைக்கு வயதேறிய வேகம். 65 கடந்தவர்களின் பங்கு 7 சதவீதத்திலிருந்து 14 சதவீதமாக உயர பிரான்சுக்கு 115 ஆண்டுகள் ஆனது. ஜப்பானுக்கு 24. கொரியாவுக்கு வெறும் 18. நூறு வருடத்தில் மெதுவாகப் பழக வேண்டிய மாற்றம் ஒரே தலைமுறையின் தலையில் வந்து விழுந்தால் பொறுமை எங்கிருந்து வரும்?

ஜப்பான் கதை இன்னும் சுவாரசியம். முதியோரைப் போற்ற செப்டம்பரில் தேசிய விடுமுறையே உண்டு, அதையொட்டி 100 வயதை எட்டுபவர்களுக்கு 1963 முதல் அரசு வெள்ளிக் கிண்ணம் பரிசளிக்கிறது (ஆட்கள் பெருகிப்போனதால் 2016 முதல் வெள்ளி முலாம்தான்). 2010-ல் டோக்கியோவின் மிக வயதான ஆண், 111 வயது என்று பதிவாகியிருந்தவரை வாழ்த்த அதிகாரிகள் போனால், அவர் இறந்தே ஏறக்குறைய 30 ஆண்டுகள் ஆகியிருந்தன. உடல் வீட்டுக்குள்ளேயே, ஓய்வூதியமும் வந்துகொண்டே இருந்திருக்கிறது. அப்புறம் நாடு முழுக்கத் தேடியதில், குடும்பப் பதிவேட்டில் உயிரோடு இருக்கும் 100 வயது கடந்தவர்களில் 2,30,000-க்கும் மேற்பட்டவர்கள் எங்கே என்றே தெரியவில்லை. பெரும்பாலும் போரில் இறந்தவர்கள், வெளிநாடு போனவர்கள் என்று பதிவேட்டின் குளறுபடிதான், அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனாலும் இத்தனை காலம் யாரும் நேரில் போய்ப் பார்க்கவில்லை என்பதும் அதில் இருக்கிறது.

அதற்காக மேற்கைத் தூக்கிப் பிடிக்கவில்லை. 2003 ஆகஸ்ட் வெப்ப அலையில் பிரான்சில் சுமார் 15,000 பேர் இறந்தார்கள், பெரும்பாலோர் வயதானவர்கள், பலர் தனியாக இருந்தவர்கள். பாதி நாடு விடுமுறையில் இருந்த மாதம் அது.

நரைமுடி71:

பெயரிலேயே வயது இருக்கிறது. மேலே எழுதியவர் விவரமாகத்தான் எழுதியிருக்கிறார், ஆனால் பாருங்கள், எங்களைப் பற்றி நீங்களே பேசிக்கொள்கிறீர்கள், அந்த டாக்டர் செய்ததும் இதைத்தானே!

முதலில் இந்த 65 எங்கிருந்து வந்தது? 1889-ல் ஜெர்மனியில் பிஸ்மார்க் கொண்டுவந்த ஓய்வூதியச் சட்டத்தில் வயது 70. 1916-ல் அதை 65 ஆக்கினார்கள். பிறகு ஒவ்வொரு நாடும் அந்த எண்ணையோ பக்கத்து எண்ணையோ எடுத்துக்கொண்டது. உடம்பையோ மூளையையோ சோதித்து வைத்த எண் இல்லை, கஜானாவைப் பார்த்து வைத்த எண். அந்த எண்ணைத் தாண்டியதும் நேற்று வரை ஆளாக இருந்தவன் திடீரென்று "பெரியவர்" ஆகிவிடுகிறான்.

மேகி கூன் என்று ஒரு அமெரிக்கப் பெண்மணி. 1970-ல் 65 வயதானது என்று வேலையிலிருந்து கட்டாயமாக அனுப்பிவைத்தார்கள், விடைபெறும் பரிசு ஒரு தையல் மெஷின். அவர் தைக்க உட்காரவில்லை, தன்னைப் போன்ற சில நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு இயக்கம் ஆரம்பித்தார். ஒரு டிவி நிகழ்ச்சித் தயாரிப்பாளர் 'கிரே பாந்தர்ஸ்' (நரைத்த சிறுத்தைகள்) என்று பெயர் வைக்க, அதுவே நிலைத்தது. அந்த மாதிரிக் கூச்சல்களுக்குப் பிறகுதான் 1986-ல் அந்த நாட்டில் பெரும்பாலான வேலைகளுக்குக் கட்டாய ஓய்வு வயதே நீக்கப்பட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, 1969-ல், ராபர்ட் பட்லர் என்ற மனநல மருத்துவர், வயதை வைத்து ஒருவரை மட்டமாக நடத்துவதற்கு 'ஏஜிசம்' என்ற சொல்லை உருவாக்கினார். (மேகி கூனுக்கு முந்தைய ஆண்டு என்கிறேன், 86-க்கு இல்லை. வயதாகிவிட்டது, வாக்கியம் எங்கெங்கோ போகிறது என்று நினைப்பீர்கள், 30 வயதிலும் இப்படித்தான் எழுதினேன்.)

வசையை நான் தாங்கிக்கொள்வேன், பாராட்டைத்தான் தாங்க முடியவில்லை. "இந்த வயசிலயும் போன்ல டிக்கெட் போடறீங்களே சார்!" நான் 35 வருடம் மின் இணைப்பு வரைபடம் போட்டவன் தம்பி, ரயில் டிக்கெட் எனக்கு மலையா? இப்படிச் சொல்பவர் நல்ல மனதோடுதான் சொல்கிறார், அதனால் திட்டவும் முடியாது. ஆனால் தினம் தினம் கேட்டால் நமக்கே சந்தேகம் வந்துவிடும். பெக்கா லெவி என்ற ஆய்வாளர் அமெரிக்காவில் ஓஹயோ மாநிலத்துச் சிற்றூர் ஒன்றில் 50 வயது கடந்த 660 பேரின் தகவல்களை வைத்து 2002-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார். தன் முதுமையைப் பற்றி நல்லவிதமாக நினைத்தவர்கள் மற்றவர்களைவிடச் சராசரியாக ஏழரை ஆண்டுகள் கூடுதலாக வாழ்ந்திருக்கிறார்கள். ஏழரை என்றதும் சனியை நினைக்காதீர்கள், இது நல்ல ஏழரை.

உங்கள் அம்மா கேட்டது சின்ன விஷயம் இல்லை அம்மா.

இரவுப்பணி:

நான் முதியோர் இல்லத்தில் இரவு ஷிஃப்ட் பார்ப்பவள், 12 வருடம் ஆகிறது. நரைமுடி சார் சொன்னதில் பாதிக்கு மேல் ஒத்துப்போகிறேன், ஆனால் ஒரு இடத்தில் இடிக்கிறது. நீங்கள் டிக்கெட் போடத் தெரிந்த 71. நான் பார்ப்பது திரும்பிப் படுக்கக்கூட ஒரு ஆள் வேண்டியிருக்கும் 88. இரண்டையும் ஒரே வார்த்தையில் அடைத்தால் பின்னவர் எப்போதும் காணாமல் போய்விடுவார்.

ஆண்டனி கிளாஸ்காக் என்ற மானுடவியலாளர் 1980-களில் இதைத்தான் எழுதினார். பழங்குடிச் சமூகங்கள், விவசாயச் சமூகங்கள் பற்றிய பதிவுகளை அலசினால், ஒரே ஊரிலேயே முதியவர்களுக்கு இரண்டு விதமான நடத்தை. நிலமும் கதையும் மருந்தறிவும் கையில் இருக்கிற, நடமாடுகிற முதியவருக்கு முன்வரிசை. அதே ஆள் படுக்கையில் விழுந்துவிட்டால் சாப்பாடு குறையும், சில இடங்களில் விட்டுவிட்டுப் போவதும் உண்டு. "அந்தக் காலத்தில் மதித்தார்கள்" என்று சொல்பவர்கள் முதல் பாதியை மட்டும் சொல்கிறார்கள். எங்கள் இல்லத்திலும் இதுதான், நடக்கிறவர்கள் வீல்சேரில் இருப்பவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட மாட்டார்கள். கேட்டால் வேறு காரணம் சொல்வார்கள்.

எனக்குப் பிடித்த மாதிரி எதுவென்றால் டென்மார்க். 1980 வாக்கில் அங்கே ஒரு அரசுக் குழு மூன்று விஷயங்களை வலியுறுத்தியது: அவர் வாழ்ந்த வாழ்க்கை அறுபடாமல் தொடர வேண்டும், அவரே முடிவெடுக்க வேண்டும், அவரால் முடிந்ததை அவரே செய்ய விட வேண்டும். 1987-ல் பழைய பாணி முதியோர் இல்லங்களைப் புதிதாகக் கட்டுவதையே சட்டம் போட்டு நிறுத்திவிட்டு, வீட்டுக்கு ஆள் அனுப்பும் சேவையிலும் தனிச் சமையலறையோடு கூடிய குடியிருப்புகளிலும் பணம் போட்டார்கள். மூன்றாவது விஷயம்தான் ரொம்பக் கஷ்டம், நம்புங்கள். சட்டைப் பொத்தானை அவரே போட ஆறு நிமிடம் ஆகும், நான் போட்டால் இருபது விநாடி. எனக்கு அன்றைக்கு இன்னும் ஒன்பது பேர் காத்திருப்பார்கள். மரியாதையை எதை வைத்து அளப்பது என்று கேட்டீர்களே, என் வேலையில் அது அந்த ஆறு நிமிடம்தான், அந்த நிமிடத்துக்குச் சம்பளம் கொடுக்க யாராவது தயாராக இருக்கிறார்களா என்பதுதான்.

டாக்டர் விஷயத்துக்கு ஒரு வழி: அடுத்த முறை அம்மாவை டாக்டருக்கு நேர் எதிர் நாற்காலியில் உட்கார வையுங்கள், நீங்கள் அம்மாவுக்குப் பின்னால், சுவர் ஓரமாகப் போய் உட்காருங்கள். உங்களைப் பார்த்துப் பேச வேண்டுமென்றால் அவர் அம்மாவின் தலைக்கு மேலே எட்டிப் பார்க்க வேண்டும். பெரும்பாலும் பார்க்க மாட்டார். அப்படியும் கேட்டால், நீங்கள் அம்மாவைப் பாருங்கள். பதில் சொல்லாதீர்கள், அது ரொம்ப முக்கியம்.

தலைப்பிள்ளை:

எல்லாம் சரி, ஆறு நிமிடம் யார் தருவது? அப்பா என்னோடுதான் இருக்கிறார், ஒன்பது வருடமாக. மூன்று பேர் பிறந்தோம், "அக்கா இருக்கிறாளே" என்று மற்ற இருவரும் நிம்மதியாக இருக்கிறார்கள். வீட்டில் வைத்துப் பார்ப்பதுதான் மரியாதை என்று மேடை போட்டுப் பேசுபவர்களில் ஒருவராவது படுக்கை விரிப்பை மாற்றியிருப்பார்களா என்று கேட்கத் தோன்றுகிறது.

பிள்ளைகள்மேல் சட்டம் போட்ட நாடுகளும் உண்டு. சிங்கப்பூரில் 1995-லும் இந்தியாவில் 2007-லும் வந்த சட்டங்களின்படி பெற்றோர் பராமரிப்புத் தொகை கேட்டு முறையிடலாம். சீனா 2013 முதல் பிரிந்து வாழும் பிள்ளைகள் பெற்றோரை அடிக்கடி போய்ப் பார்க்க வேண்டும் என்றே எழுதி வைத்திருக்கிறது, அடிக்கடி என்றால் எத்தனை தடவை என்று சொல்லவில்லை. பணத்தை வாங்கிக் கொடுக்கலாம், சரி. என் தம்பி சட்டத்துக்குப் பயந்து வந்து உட்கார்ந்து போனை நோண்டுவதை அப்பா பார்க்க வேண்டாம்.

ஜப்பானை மேலே கொஞ்சம் கிண்டலாக எழுதிவிட்டார்கள், ஆனால் 2000-ல் அங்கே வந்த நீண்டகாலப் பராமரிப்புக் காப்பீடு எனக்குப் பெரிய விஷயமாகத் தெரிகிறது. 40 வயதிலிருந்து எல்லோரும் கட்டுகிறார்கள், தேவைப்படும்போது குளிப்பாட்ட, பகலில் பார்த்துக்கொள்ள ஆட்களும் இடங்களும் கிடைக்கும். ஜெர்மனியில் 1995-ல் வந்த இதே மாதிரித் திட்டத்தில் குடும்பத்தின் கையில் காசாகவும் வாங்கிக்கொள்ளலாம். ஜப்பானில் அந்தக் காசு வழியை வைக்க வேண்டாம் என்று வாதாடியவர்களில் பெண்கள் அமைப்புகள் முன்னால் நின்றன. காசு கொடுத்தால் மாமனாருக்குக் கஞ்சி ஊட்டுவது மறுபடி மருமகள் தலையில்தான் விழும், இப்போது சம்பளம் வேறு வாங்குகிறாயே என்ற சொல்லோடு. இதைப் படித்தபோது யாரோ என் வீட்டுக்குள் எட்டிப் பார்த்துவிட்டு எழுதியது மாதிரி இருந்தது.

மூன்றாம்படி:

எல்லோருக்கும் நன்றி. தலைப்பிள்ளை, உங்களுக்குத் தனியாக எழுதுகிறேன்.

நேற்று மறுபடி டாக்டரிடம் போனோம், இரவுப்பணி சொன்ன மாதிரியே நாற்காலியை மாற்றினேன். டாக்டர் இரண்டு முறை என்னைப் பார்த்தார், நான் அம்மாவின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தேன், மூன்றாவது கேள்வி அம்மாவிடமே போய்விட்டது. அப்போதுதான் தெரிந்தது, ஒரு மாத்திரை தலைசுற்றுகிறது என்று இரண்டு மாதமாக அம்மா அதைப் போடவே இல்லை. என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டால், நீ கேட்கவில்லையே என்கிறார். டாக்டர் உடனே மாத்திரையை மாற்றி எழுதினார்.

இந்தப் பக்கத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். நரைமுடி சார் எழுதியதற்கு மட்டும் சிரித்தார். அப்புறம், தனக்கு 84 ஆக இன்னும் ஐந்து மாதம் இருக்கிறது, அதைத் திருத்தச் சொன்னார். மேலே திருத்த முடியவில்லை, அதனால் இங்கே எழுதிவிட்டேன்.